பாடத் தெரியாத பெட்டியின் பாட்டு

வீடியோ விளையாட்டுக்கு எழுதிய இசையை விமர்சனத்துக்கு எடுப்பதா என்று நண்பர்கள் சிலர் முகஞ்சுழிக்கக்கூடும். பிள்ளைகளின் அறைக்குள்ளிருந்து வருடக்கணக்காக அது கேட்டுக்கொண்டுதானிருந்தது. 'சத்தத்தைக் குறை' என்பதற்கு மேல் நாம் அதுபற்றி எதுவும் சொன்னதில்லை.

நொபுவோ உவெமட்சு 1959இல் யப்பானின் கொச்சியில் (கேரளத்துக் கொச்சியல்ல) பிறந்தவர். பியானோவைத் தாமாகவே பழகியவர். எல்ரன் ஜோனின் ரசிகர். ரோக்கியோவில் இசைத்தட்டுகளை வாடகைக்குக் கொடுக்கும் கடையில் நின்றவரை 1986இல் ஸ்குவெயர் கொம்பனி சேர்த்துக்கொண்டது. அடுத்த ஆண்டே 'பைனல் பன்ரசி' வெளியாயிற்று. பமிகொம் பெட்டியில் மெட்டமைக்க உதவும் குரல்கள் மூன்றே. சுரங்களைத் தாராளமாகச் சேர்த்தொலிக்க இடமில்லை. அவற்றை ஒவ்வொன்றாகப் பிரித்து ஏறி இறங்கவிட்டார். தொடரின் அடையாளமாகிவிட்ட முகப்பிசை அதுதான்.

1994இல் வந்த ஆறாவது பாகத்தில், எட்டுக் குரலும் 64 கிலோபைற் ஒலி நினைவகமும் கொண்ட சுப்பர் பமிகொமுக்குள் ஓர் ஒபராவையே வைத்தார். முன்னாள் தளபதி செலெஸ் பாடகியாக வேடமிட்டு மேடையேறுகிறாள். சொற்கள் திரையில் எழுத்தாக வருகின்றன. குரலென்று கேட்பதோ சொல்லற்ற மின் முனகல். அடுத்த வரியை ஆடுபவரே நினைவிலிருந்து தெரிவுசெய்ய வேண்டும். பாடத் தெரியாத பெட்டிக்கு வாய்ப்பாட்டு எழுதுவது அசட்டுத் துணிச்சல். ஆனால் வாசித்துக்கொண்டே கேட்கையில் குரலை நாமே மனதுக்குள் போட்டுக்கொள்கிறோம். பின்னாளில் உண்மையான பாடகிகள் வாத்தியக்குழுவோடு இதை மேடைகளில் பாடினார்கள். நன்றாகத்தானிருக்கிறது, எமக்குச் செய்ய எதுவும் மிஞ்சவில்லை.

1997இன் ஏழாம் பாகத்தில், இறுதிச் சண்டைக்கு லத்தீனில் பாடும் கோஷ்டியே வந்துவிட்டது. ரசிகர்கள் அதையே உச்சமென்பர். எமக்கு உடன்பாடில்லை, அது மிரட்டுகிறது, அவ்வளவே. அதே விளையாட்டில் ஏரித் கொல்லப்படும்போது தொடங்கும் மெல்லிசையைக் கேளுங்கள். உடனேயே ஒரு சண்டை வருகிறது. வழமையான போரிசை வரவில்லை. வெட்டும் அடியும் விழ, அந்த மெட்டு அப்படியே தொடர்கிறது. செத்தவீட்டுக்கும் சண்டைக்கும் இடையில் அவகாசம் கிடைப்பதில்லை என்பதை எம்மவருக்கு யாரும் விளக்கத் தேவையில்லை.

2004இல் கொம்பனியை விட்டு வெளியேறினார். 2021இல் ரோக்கியோ ஒலிம்பிக் தொடக்கவிழாவில் நாடுகள் அணிவகுத்தபோது அவரது மெட்டுகளும் ஒலித்தன. வெற்றி முழக்கம் அவற்றிலொன்று. ஏரித்தின் மெட்டை அங்கே போட்டிருக்க முடியாதுதான்.