அறையில் கெட்டில், தெருவில் டிகாக்‌ஷன்

ஓட்டல்களின் வசதிப் பட்டியலில் 'அறையிலேயே டீ, காபி' என்று ஒரு வரி இருக்கும். திருவல்லிக்கேணி மேன்ஷன்களில் அதற்கு இடமே இல்லை. கட்டில், ஃபேன், அலமாரி, அவ்வளவுதான். பல இடங்களில் குளியலறையும் பொது. பட்டியலை மட்டும் பார்த்தால் ஓட்டல் ஜெயித்துவிட்டது. குடித்துப் பார்த்தால்? இரண்டிலும் தங்கியவன் என்ற முறையில், பட்டியல்தான் தப்பு என்று எனக்குப் படுகிறது.

முதலில் கெட்டில். வெந்நீருக்கு அது போதும், ஃபில்டர் காபிக்குப் போதாது. டிகாக்‌ஷன் சொட்டுச் சொட்டாக இறங்கக் கால் மணி நேரமாவது வேண்டும். பால் தனியாகக் காய வேண்டும். கெட்டிலில் பாலை ஊற்றினால் பொங்கும், அடிப்பிடிக்கும். அதனால் ஓட்டல்காரர்கள் இன்ஸ்டன்ட் தூள், பால் பவுடர், சர்க்கரைப் பொட்டலம் என்று வைக்கிறார்கள். எல்லாம் மாதக்கணக்கில் கெடாமல் கிடக்கும் சரக்கு. ருசி அப்புறம்தான்.

மேன்ஷன்வாசிக்குக் காபி தெருவில். காலை ஆறு மணிக்கே கூட்டம், டிகாக்‌ஷன் ஆறிக் கிடக்க நேரமே இல்லை. பொடியில் சிக்கரி உண்டு, உண்மைதான். சட்டமே 49 சதவீதம் வரை அனுமதிக்கிறது. ஆனாலும் நூறு பேருக்கு ஒரே அடுப்பு என்பதால்தான் பாலும் டிகாக்‌ஷனும் புதுசாகக் கிடைக்கின்றன. பகிர்வதால் தரம் கூடுகிற அபூர்வமான இடம் இது.

உடனே 'மேன்ஷன் வாழ்க்கை மாதிரி வருமா' என்று உருக வேண்டாம். பாத்ரூம் வாசலில் பக்கெட்டோடு வரிசையில் நிற்பதில் எந்தத் தரமும் கூடுவதில்லை. காய்ச்சல் அடித்தாலும் காபிக்கு மாடி இறங்கித்தான் ஆகணும். பெரும்பாலான மேன்ஷன்கள் ஆண்களுக்கு மட்டும்தான். பொது இடம் என்றால் யாருக்குப் பொது என்கிற கேள்வி இந்த வட்டாரத்துக்குப் புதிதும் அல்ல. 1957-ல் இதே திருவல்லிக்கேணியில், முரளி கஃபே பெயர்ப் பலகையிலிருந்த 'பிராமணாள்' என்ற சொல்லை நீக்கச் சொல்லிப் பெரியாரின் திராவிடர் கழகம் மறியல் நடத்தியது.

ஆகவே, வசதி என்றால் 'அறைக்குள் என்னென்ன இருக்கிறது' என்று எண்ணுவதை நிறுத்தலாம். எதைப் பகிர்ந்தால் நல்லது, எதைப் பகிரவே கூடாது என்று பிரித்துக் கேட்கலாம். என் கணக்கில் அடுப்பு பொதுவாக இருக்கட்டும், குளியலறைக்குத் தனித் தாழ்ப்பாள் வேண்டும். அந்த அடுப்படிக்கு யாரும் வரலாம் என்றும் இருக்க வேண்டும். இந்த மூன்றும் சேர்ந்த விடுதியை நான் இன்னும் பார்க்கவில்லை. உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள்.