வேடமும் வெளிவேடமும்: அலெக் கின்னஸின் நடிப்புக்கலை

நற்செய்தி நூல்களில் ஆண்டவர் இயேசு மிகக் கடுமையாகச் சாடுவது வரிதண்டுவோரையோ விலைமகளிரையோ அன்று, வெளிவேடக்காரரையே. இச்சொல்லுக்கு மூலமாக நிற்கும் கிரேக்கச் சொல், முதலில் நாடக மேடையில் நடிப்பவனைக் குறித்தது. நம் தமிழ்ச் சொல்லிலும் 'வேடம்' உள்ளடங்கியே இருக்கிறது. தொடக்கத் திருச்சபை நடிகர்களை ஐயத்தோடு நோக்கியதில் வியப்பில்லை. திருமுழுக்குப் பெற விழைந்த நடிகன் தன் தொழிலைத் துறந்தாக வேண்டும் என்று அன்று விதித்தனர். மேடையில் கண்ட கற்பனைத் துயரங்களுக்காகக் கார்த்தேஜ் நகரில் கண்ணீர் வடித்ததைப் புனித அகுஸ்தினார் தம் 'ஒப்புதல்க'ளில் எண்ணி வருந்துகிறார்.

காலம் மாறியது. சமூகத் தொடர்புக் கருவிகள் பற்றி இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963இல் தனி ஆணையொன்றையே வெளியிட்டது. இளமையில் போலந்து நாட்டில் மேடையேறி நடித்தவரான திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், 1999இல் கலைஞர்களுக்கென்றே ஒரு மடல் வரைந்தார். ஆயினும் பழைய வினா முற்றிலும் மறைந்துவிடவில்லை. வேடம் எப்போது வெளிவேடமாகிறது? பிறராகத் தோன்றுவதையே தொழிலாகக் கொண்ட ஒருவர் உண்மைக்கு ஊழியம் செய்ய இயலுமா?

இவ்வினாவுக்கு ஆங்கிலத் திரையுலகம் நமக்குத் தந்துள்ள சிறந்த விடைகளுள் ஒன்று அலெக் கின்னஸின் கலைவாழ்வு என்பது நம் கருத்து.

முகத்தை மறைத்த முகங்கள்

கின்னஸ் 1914 ஏப்ரல் 2ஆம் நாள் இலண்டனில் பிறந்தார். அவருடைய பிறப்புப் பதிவில் தந்தையின் பெயர் இல்லை. பதினான்கு வயதுக்குள் மூன்று வெவ்வேறு பெயர்களால் அழைக்கப்பட்டதாக அவரே தம் தன்வரலாற்றில் எழுதியுள்ளார். தான் யார் என்பதே உறுதியாகத் தெரியாத சிறுவன், பிறராக மாறும் கலையில் புகலிடம் தேடியதை உணர்ந்துகொள்ள அதிக உளவியல் அறிவு தேவையில்லை. விளம்பர நிறுவனம் ஒன்றில் சிறிது காலம் பணியாற்றிய அவருக்கு 1934இல் ஜான் கீல்குட் தம் 'ஹாம்லெட்' நாடகத்தில் ஒரு சிறு பாத்திரம் அளித்தார். போர்க்காலத்தில் கடற்படையில் பணியாற்றி, 1943இல் சிசிலித் தீவின்மீது நடந்த படையெடுப்பில் தரையிறங்கு கலமொன்றை வழிநடத்தினார்.

போருக்குப் பின் வந்தவை அவருடைய பன்முக வித்தைகள். 1949இல் வெளியான 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கோரனெட்ஸ்' படத்தில் ஒரே குடும்பத்தின் எட்டு உறுப்பினராக அவரே தோன்றினார். முதிய மதகுருவும் அவரே, கப்பல் தளபதியும் அவரே, சீமாட்டியும் அவரே. 'தி லேவண்டர் ஹில் மாப்' (1951), 'தி லேடிகில்லர்ஸ்' (1955) ஆகியவற்றையும் மக்கள் சிரித்துச் சிரித்துக் கண்டனர். தெருவில் நடந்தால் எவரும் அடையாளம் காண முடியாத முகம் என்று அவரைப் போற்றினர்.

ஆனால், போற்றத் தக்க இத்திறனுக்கு ஒரு குறையும் உண்டு என்பதை நாம் மறைத்தலாகாது. 1948இல் 'ஆலிவர் ட்விஸ்ட்' படத்தில் அவர் ஏற்ற ஃபேகின் வேடம் பெரிதாக்கப்பட்ட மூக்கோடு அமைந்தது. நாத்சிகளின் கொலைக்களங்களில் யூத மக்கள் இலட்சக்கணக்கில் மாண்டு மூன்றே ஆண்டுகள் ஆகியிருந்த வேளையில், அம்முகம் அவர்களைப் புண்படுத்தியது. அமெரிக்காவில் அப்படம் 1951இல்தான், அதுவும் சில பகுதிகள் நீக்கப்பட்டு, திரைக்கு வந்தது. பின்னாளில் ஜப்பானிய வணிகராகவும், 1984இல் 'எ பாசேஜ் டு இந்தியா' படத்தில் கோட்போலே என்னும் அந்தணராகவும் அவர் தோன்றியபோதும் அதே குறை தலைகாட்டியது. ஓர் இனத்தின் புறத்தோற்றத்தைப் பூசிக்கொள்வதால் அவ்வினத்தின் உள்ளம் கைவந்துவிடாது. இங்கெல்லாம் வேடம் வேடமாகவே நின்றுவிடுகிறது.

அங்கியும் குழந்தையும்

ஜி. கே. செஸ்டர்டன் படைத்த துப்பறியும் குருவான ஃபாதர் பிரவுனாக கின்னஸ் நடித்த படம் 1954இல் வெளிவந்தது. படப்பிடிப்பு பிரான்சின் பர்கண்டிப் பகுதியில் நடந்தது. ஒரு மாலை, குருவுக்குரிய அங்கியைக் களையாமலே அவர் தம் விடுதிக்கு நடந்துகொண்டிருந்தார். ஏழெட்டு வயதுச் சிறுவன் ஒருவன் ஓடிவந்து அவர் கையைப் பற்றிக்கொண்டான். ஏதேதோ பேசியபடி உடன் நடந்தான். பின்னர் வணக்கம் சொல்லி வேலியின் இடைவெளியில் மறைந்தான். தம் அரைகுறை பிரெஞ்சு மொழி அவனை அஞ்சச் செய்யும் என்று கின்னஸ் வாய் திறக்கவில்லை. முன்பின் அறியாத குருவிடமும் ஒரு குழந்தைக்கு இத்தகைய நம்பிக்கையை ஊட்டும் திருச்சபை, தாம் கேட்டு வளர்ந்ததைப் போலச் சூழ்ச்சி நிறைந்ததாக இருக்க முடியாது என்று அவர் சிந்திக்கத் தொடங்கினார்.

இந்நிகழ்ச்சியைக் கத்தோலிக்க ஏடுகள் பன்முறை மகிழ்ச்சியோடு எடுத்துரைத்துள்ளன. இன்று நாம் அதனை அவ்வளவு எளிதாக எடுத்துரைக்க இயலாது. அங்கியை நம்பிக் கைகொடுத்த குழந்தைகள் பலர் அந்த அங்கியாலேயே காயப்படுத்தப்பட்ட செய்திகளைக் கடந்த சில பத்தாண்டுகளில் நாம் பல நாடுகளிலிருந்தும் கேட்டுத் தலைகுனிந்தோம். பர்கண்டியில் அங்கி அணிந்திருந்தவர் குரு அல்லர். ஆயினும் அக்குழந்தை ஏமாற்றப்படவில்லை. வேறிடங்களில் அங்கி அணிந்திருந்தவர்கள் உண்மையான குருக்கள், குழந்தைகளோ ஏமாற்றப்பட்டனர். வேடத்துக்கும் வெளிவேடத்துக்கும் இடையிலான வேறுபாட்டை இதைவிடக் கூர்மையாக யார் விளக்க முடியும்?

அக்காலத்தில் கின்னஸின் மகன் மத்தேயு இளம்பிள்ளை வாதத்தால் தாக்கப்பட்டு இடுப்புக்குக் கீழ் செயலிழந்திருந்தான். படப்பிடிப்பு முடிந்து வீடு திரும்பும் வழியில் சிறு கத்தோலிக்கக் கோவில் ஒன்றில் தந்தை அமர்ந்திருப்பார். மகன் நலம் பெற்றால், பின்னாளில் அவன் கத்தோலிக்கனாக விரும்பினால் தடுப்பதில்லை என்று இறைவனோடு ஒப்பந்தம் செய்துகொண்டார். சிறுவன் நலம் பெற்றான். இயேசு சபையினரின் பள்ளியில் பயின்றான். பதினைந்து வயதில் தன் விருப்பத்தைத் தெரிவித்தான். 1956இல் கின்னஸும் திருச்சபையில் ஏற்றுக்கொள்ளப்பட்டார்.

சிறைக்கூடத்தில் ஒரு கர்தினால்

அதற்கு முந்திய ஆண்டில் வெளியான 'தி பிரிசனர்' நம் வாசகர் பலரும் கண்டிராத படம். பொதுவுடைமை ஆட்சியில் சிறைப்பட்ட கர்தினால் ஒருவரின் கதை அது. 1948இல் ஹங்கேரியில் கைதான கர்தினால் மின்ட்சென்டியின் நினைவு அதில் தெளிவாகப் படிந்துள்ளது. கான், வெனிஸ் திரைப்பட விழாக்கள் இரண்டுமே அப்படத்தை ஏற்க மறுத்தன.

உடல் வதைக்கு அஞ்சாத கர்தினாலை விசாரணையாளர் வேறு வழியில் வீழ்த்துகிறார். கர்தினாலுக்கு உள்ளூர ஓர் அவமானம் உண்டு. அது தம் தாயைப் பற்றியது. இழிந்த பிறப்பிலிருந்து தப்பவே தாம் குருத்துவத்தை நாடினாரோ என்னும் ஐயத்தை அவர் நெஞ்சில் விசாரணையாளர் விதைக்கிறார். தம் வாழ்நாள் ஊழியம் முழுவதும் ஆணவத்தின் வேடமோ என்று கலங்கிய அம்மனிதர், செய்யாத குற்றங்களையெல்லாம் ஒப்புக்கொள்கிறார். முடிவில் அவருக்கு மறைசாட்சியின் மகுடம் கிடைப்பதில்லை. விடுவிக்கப்பட்டு, வாய்பேசாத மக்கள் கூட்டத்தினிடையே தனியே நடந்து போகிறார். தந்தை பெயர் அறியாத மைந்தன் ஒருவர் இப்பாத்திரத்தை ஏற்று நடித்தார் என்பதை எண்ணுகையில், அம்முகத்தில் தெரிந்த வேதனை ஒப்பனையால் வந்ததன்று என்று துணியலாம்.

குவாய் ஆற்றுப் பாலம்

'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' 1957இல் வெளிவந்தது. கதை நிகழ்வது சயாம் காட்டில். படமானது இலங்கையில், கித்துல்கல ஊரருகே களனி ஆற்றின் கரையில். கின்னஸ் அங்கு நடித்துக்கொண்டிருந்த வேளையில்தான் அவருடைய துணைவியார் மெருலாவும் இங்கிலாந்தில் கத்தோலிக்கத் திருச்சபையில் இணைந்தார்.

ஜப்பானியரிடம் சிறைப்பட்ட ஆங்கிலப் படைத்தலைவர் நிக்கல்சன், அதிகாரிகள் கூலிவேலை செய்யலாகாது என்னும் விதிக்காகத் தகரக் கொட்டடியில் வெந்து வாடுகிறார். விடுபட்டு வெளியே வரும்போது விறைத்த கால்களோடு அவர் நடக்கும் நடையை எவரும் மறக்க இயலாது. நோயிலிருந்து மீண்ட தம் மகனின் நடையையே அதற்கு மாதிரியாகக் கொண்டதாக கின்னஸ் கூறியுள்ளார். தம் கலைவாழ்வின் சிறந்த பகுதிகளுள் ஒன்றென அவர் அதைக் கருதினார்.

வென்ற நிக்கல்சன் பகைவனுக்காகவே ஒரு பாலம் கட்டுகிறார். கட்டுக்கோப்பு, ஒழுங்கு, கடமை என்னும் பெயர்களால் செம்மையாகக் கட்டுகிறார். இங்கே பாவம் நற்பண்பின் ஆடையை உடுத்தி வருகிறது. அதனால்தான் அப்பாத்திரம் நம்மை அச்சுறுத்துகிறது. தம் நாட்டினரே பாலத்தைத் தகர்க்க வந்துள்ளனர் என்பதும், அவர்களைத் தாமே காட்டிக்கொடுத்தோம் என்பதும் இறுதியில் அவருக்கு விளங்கும் அக்கணத்தில், கின்னஸின் முகத்திலிருந்து படைத்தலைவன் கழன்று விழுகிறான். தான் செய்தது என்னவென்று தன்னையே கேட்கும் வெற்று மனிதன் எஞ்சுகிறான். குண்டடிபட்ட அவர் வெடியை இயக்கும் பிடியின்மேல் சாய்கிறார், பாலம் தகர்கிறது. அவர் மனமறிந்து சாய்ந்தாரா, தடுமாறி விழுந்தாரா? படம் விடை கூறுவதில்லை. மனந்திரும்புதலுக்கும் மரணத்துக்கும் இடைப்பட்ட அந்த நொடியை இறைவன் ஒருவரே அறிவார். அவ்வாண்டின் சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் விருது அவருக்குக் கிடைத்தது.

எனினும் தமிழர்களாகிய நாம் ஒன்றைச் சொல்லாமல் விட இயலாது. உண்மையான சயாம் மரண இரயில்பாதையில் போர்க்கைதிகள் பல்லாயிரவர் மாண்டனர். ஆசியத் தொழிலாளர் அவர்களினும் பல மடங்கு மிகுதியாக மாண்டனர். அவர்களுள் மலாயாவின் இரப்பர்த் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர் பெருந்தொகையினர். படமோ அவர்களை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. ஒருவனின் மனசாட்சியை நுணுகி ஆய்ந்த கலை, ஒரு மக்கள் கூட்டத்தின் கல்லறையைக் காணாமல் கடந்துவிட்டது.

மற்றொரு பாலம்

1959இல் 'சர்' பட்டம் பெற்ற கின்னஸை உலகெங்கும் சிறுவர் அறிந்தது 1977இல் வந்த 'ஸ்டார் வார்ஸ்' வழியே. அப்புகழ் அவருக்கு உவப்பாக இல்லை. நம் நோக்கில் அவர் கலையின் முதிர்ச்சி வெளிப்பட்டது, இரண்டாண்டுகளுக்குப் பின், தொலைக்காட்சியின் சிறிய திரையிலேயே.

ஜான் லெ காரேயின் புதினங்களைத் தழுவி பிபிசி ஒளிபரப்பிய 'டிங்கர் டெய்லர் சோல்ஜர் ஸ்பை' (1979), 'ஸ்மைலிஸ் பீப்பிள்' (1982) ஆகிய தொடர்களில் அவர் ஜார்ஜ் ஸ்மைலி என்னும் முதிய உளவு அதிகாரி. இங்கு ஒட்டுமூக்கு இல்லை, பொய்த்தாடி இல்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். பிறர் பேசுவதைக் கேட்பார். ஒப்புரவு அருட்சாதனத்தில் அமர்ந்திருக்கும் குருவைப் போன்ற பொறுமை அது.

நெடுங்காலப் பகைவனான சோவியத் உளவுத் தலைவன் கார்லாவை ஸ்மைலி இறுதியில் வீழ்த்துகிறார். எவ்வாறு? மனநோயுற்ற தன் மகள்மீது கார்லா வைத்திருந்த அன்பையே தூண்டிலாக்கி வீழ்த்துகிறார். பெர்லின் எல்லைப் பாலத்தில் பகைவன் நடந்து வருகிறான். முன்பு ஸ்மைலியிடமிருந்து தான் எடுத்துக்கொண்ட சிகரெட் லைட்டரைத் தரையில் நழுவ விடுகிறான். அது ஸ்மைலியின் மனைவி அவருக்கு அளித்த பரிசு. ஸ்மைலி அதைக் குனிந்து எடுப்பதில்லை. வென்றுவிட்டீர்கள் என்று உடனிருப்பவர் சொல்லும்போது அவர் முகத்தில் வெற்றியின் சாயலே இல்லை. அன்பை ஆயுதமாக்கிய தாமே பகைவனாக மாறிவிட்டோம் என்பதை அம்முகம் அறிந்திருக்கிறது.

இரு பாலங்கள், இடையே கால் நூற்றாண்டு. முதற்பாலத்தில் மனசாட்சி இடிபோல வந்து விழுந்தது. இரண்டாவதில் பனிபோல ஓசையின்றி இறங்கியது. வெளிவேடக்காரன் தன் முகத்தைத் தன்னிடமிருந்தே மறைக்கிறான். கின்னஸ் ஏற்ற சிறந்த வேடங்களோ, தம்மைத் தாமே மறைத்துக்கொண்ட மனிதரின் திரையை விலக்கிக் காட்டுகின்றன. நாம் உறங்குமுன் செய்யவேண்டிய ஆன்ம சோதனையை அவர் பிறர் பெயரால் செய்து காட்டினார்.

அவரைப் புனிதராக்க நாம் முயலவில்லை. அவருக்காக மெருலா தம் நடிப்புத் தொழிலைக் கைவிட்டார். 2003இல் பியர்ஸ் பால் ரீட் வெளியிட்ட வாழ்க்கை வரலாறு, இல்லத்தில் அவர் காட்டிய கடுமையை மறைக்கவில்லை. 2000 ஆகஸ்டு 5ஆம் நாள் அவர் மறைந்தார். இரண்டரைத் திங்களுக்குள் மெருலாவும் அவரைப் பின்தொடர்ந்தார்.

கிரகாம் கிரீனின் 'மான்சிஞ்ஞோர் கிஹோத்தே' 1980களில் தொலைக்காட்சிப் படமானபோது, முதிய ஸ்பானியக் குருவாக கின்னஸ் நடித்தார். திருப்பலி நிறைவேற்றத் தடைவிதிக்கப்பட்ட அக்குரு, மரண வேளையின் மயக்கத்தில், அப்பமும் இரசமும் இன்றியே திருப்பலி ஆற்றுகிறார். கண்ணுக்குத் தெரியாத நற்கருணையைப் பொதுவுடைமையாளரான தம் நண்பரின் நாவில் வைக்கிறார். இறையியலார் அங்கு நிகழ்ந்தது என்னவென்று வாதிடட்டும். நடிகரின் கையில் ஒன்றும் இல்லை என்பதை நாம் அறிவோம். ஆயினும் அவ்வெறுங்கையை நோக்கி அந்நண்பரோடு சேர்ந்து நம் உள்ளமும் திறக்கிறது. பர்கண்டியில் ஒரு சிறுவன் ஐயமின்றிப் பற்றிக்கொண்டதும் அதே கைதான்.