பேசும் கலமும் திணைப் பாகுபாடும்

மரக்கலம் ஒன்று பேசுமாயின், அதனை ‘வந்தது’ என்பதா, ‘வந்தாள்’ என்பதா? இஃது இலக்கண மாணவர் விளையாட்டாக எழுப்பும் வினா அன்று. அமெரிக்க எழுத்தாளர் இராபின் ஹாப் 1998 முதல் 2000 வரை வெளியிட்ட ‘உயிர்க்கல வணிகர்’ என்னும் முத்தொகுதிப் புதினத்தைத் தமிழ்ப்படுத்த முற்படுவார் தொடக்கத்திலேயே இதனை எதிர்கொள்வர். கப்பலைப் பெண்பாலாற் சுட்டுதல் ஆங்கில மாலுமிகளின் பழைய வழக்கு. ஆதலின் அம்மொழியில் உயிர் பெறாத கலமும் உயிர் பெற்ற கலமும் ஒரே சுட்டுப்பெயராற் குறிக்கப்படும். தமிழில் அங்ஙனம் மறைந்து நிற்க இயலாது, வினைமுற்றே காட்டிக்கொடுத்துவிடும்.

இத்தகைய கற்பனையுலகக் கதைகளைச் சிறுவர் பொழுதுபோக்கென ஒதுக்கும் மனப்பான்மை நம்மிடையே இன்னும் உண்டு. பூதமும் தெய்வப் பாவையும் பேசும் காப்பியங்களைப் பாடமாக வைத்துக்கொண்டே இவற்றை ஒதுக்குதல் வியப்பிற்குரியது.

கதையை ஈண்டு வேண்டிய அளவே கூறுவாம். பிங்டவுன் என்னும் துறைமுக நகரின் பழங்குடி வணிகர் சிலர் மாயமரத்தால் இயன்ற கலங்களை உடையவர். சாதாரண மரத்தை அரித்தழிக்கும் நீரையுடைய மழைக்காட்டு ஆற்றில் இக்கலங்களே செல்லவல்லன. உரிமைக் குடும்பத்தார் மூவர் தளத்தின்மேல் உயிர்விட்டால், கலத்தின் முகப்புச் சிற்பம் கண்விழித்துப் பேசத் தொடங்கும். வெஸ்ட்ரிட் குடியின் ‘விவேசியா’ அவ்வாறு விழிப்பது எஃப்ரன் என்னும் முதிய தலைவனின் சாவில். ஆனால் கலம் அவன் இளைய மகள் ஆல்தியாவின் கைக்கு வரவில்லை. மூத்த மகளின் கணவனாகிய கைல் ஹேவனின் ஆட்சிக்குப் போகிறது. குருதி உறவினர் ஒருவர் கலத்தில் இருத்தல் வேண்டுமாதலின், துறவுப் பயிற்சியில் இருந்த தன் மகன் விண்ட்ரோவைக் கைல் வலிந்து ஏற்றுகிறான். பின்னர் அக்கலத்தையே அடிமை வாணிகத்திற்கும் ஆக்குகிறான். கலத்தின் விலையோ இன்னும் கொடுத்துத் தீராத கடன்; பொன் இல்லையேல் குருதி, அதாவது குடும்பத்தில் ஓர் ஆள், ஈடாகச் செல்லல் வேண்டும். உடைமையாகிய கலம் ஆள்போற் பேச, ஆட்களோ உடைமையாய்க் கட்டுண்டு கிடக்கும் இம்முரணே புதினத்தின் உயிர்நாடி.

திணைக்கு வருவோம். தொல்காப்பியர் மக்களை உயர்திணை என்றும் பிறவற்றை அஃறிணை என்றும் பகுத்தார். ஓரறிவு முதல் ஆறறிவு வரை உயிர்களை வகுத்த மரபியல், புல்லையும் மரத்தையும் முதற்படியில் வைத்தது. ஓரறிவுயிராகிய மரத்தால், அதுவும் வெட்டி அறுத்த பலகையால், ஆகிய கலம் எவ்வாற்றானும் அஃறிணையே. எனினும் உவப்பு மிகுதியாற் பசுவைத் தாயென்று கூறுதலை இலக்கணம் அமைத்துக்கொண்டது. கேளாதவற்றைக் கேட்பனபோல் விளித்துப் பேசுதலும் செய்யுள் வழக்கே. ஆயின் இவ்வமைதிகள் எல்லாம் கூறுவோன் உள்ளத்தைப் பற்றியனவே ஒழிய, கூறப்படும் பொருளைப் பற்றியன அல்ல. நெய்தல் நிலத் தலைவி கடலை நோக்கி வினவுங்கால் கடல் மறுமொழி தாராது. தருமாயின் அப்பாட்டின் துயரமே கெட்டுவிடும். விவேசியாவோ மறுமொழி தருகிறது. அடிமைகளின் அச்சத்தைத் தன் பலகைதோறும் உணர்ந்து நடுங்குகிறது. ஆகவே பழைய வழுவமைதி கொண்டு இக்கலத்தை ‘வந்தாள்’ எனல் பொருந்தாது. வேறு காரணம் வேண்டும்.

அக்காரணத்தை ஆசிரியரே கதையின் இடையில் வெளியிடுகிறார். மாயமரம் மரமே அன்று! கடலில் வாழும் பெரும்பாம்புகள் ஆற்றின்வழி ஏறிவந்து, பட்டுப்புழு கூடு கட்டுவதுபோலத் தம்மைச் சுற்றிக் கட்டிய கூடு அது. அதனுள் இருந்து வெளிவர வேண்டியது, ஆங்கிலத்தார் ‘டிராகன்’ எனப்படும் சிறகுடைய மாநாகம். மழைக்காட்டார் கூட்டைப் பிளந்து, உள்ளிருந்த உயிரை எறிந்துவிட்டுச் சுவரைப் பலகையாக அறுத்தனர். தலைமுறை தலைமுறையாக வெஸ்ட்ரிட் குடியினர் அன்பு செலுத்தியது ஒரு கொலையின் எச்சத்தின்மீது. இஃது அறிந்தபின் முற்பகுதியை மீண்டும் படிப்பார்க்கு ஆல்தியாவின் ஏக்கம் கூட வேறு சுவையில் தோன்றும். அவளும் கைலும் ‘அக்கலம் எனக்குரியது’ என்னும் ஒரே தொடரையே இருவேறு குரலிற் கூறியவர்.

இங்கே மொழிபெயர்ப்பாளர்க்கு இரண்டாம் இடர் எழுகிறது. கலத்தின் உள்ளிருந்து விழிக்கும் மாநாக நினைவு, விவேசியா என்னும் பெண்மையை மனிதர் நினைவுகளால் தன்மேற் படிந்த மேற்பூச்சாகக் கருதி இகழ்கிறது. அதற்கு உயர்திணை உயர்வு அன்று, இழுக்கு. ஆகவே ‘வந்தாள்’ என்பதும் மனிதச் செருக்கே. கைல் வாயில் அஃறிணையும் விண்ட்ரோ வாயில் உயர்திணையும் வழங்கி, ஆசிரியர் கூற்றில் இரண்டையும் இடத்திற்கேற்ப மாற்றுதலே தக்கது என்பது எம் கருத்து. ஒரே வழக்கை நூல்முழுதும் பிடித்துச் செல்வார் கதையின் மறைபொருளை முன்னதாகவே சொல்லியவராவர், அல்லது என்றும் சொல்லாதவராவர்.

முத்தொகுதியின் சிறந்த படைப்பு விவேசியா அன்று. ‘பாரகன்’ என்னும் ஆண்பாற் கலமே. கண்கள் வெட்டிச் சிதைக்கப்பட்டு, பித்தேறியதென்று பழிசுமந்து, பிங்டவுன் கரையில் ஆண்டுக்கணக்கிற் கிடக்கிறது. கென்னிட் என்னும் கடற்கொள்ளைத் தலைவன் சிறுவனாய்ப் பட்ட துன்ப நினைவுகளைத் தன்னுள் ஏற்றுக்கொண்டதே அப்பித்தின் வேர்களுள் ஒன்று. இருவேறு கூடுகளின் பலகைகள் ஓருடலிற் கலந்தமை மற்றொன்று.

மூன்றாம் தொகுதியின் முடிவு எமக்கு நிறைவளிக்கவில்லை. கென்னிட் பாரகன் தளத்தில் இறக்க, அதன் நினைவுகள் ஒன்றுகூடுகின்றன, உள்ளம் தெளிகிறது. ஆனால் கொல்லப்பட்ட உயிர்களுக்கு என்ன ஈடு என்னும் வினாவை ஆசிரியர் விரைந்து கடந்துவிடுகிறார். கலங்கள் கலங்களாகவே மனிதரைச் சுமந்து செல்கின்றன. கடன்முறையை அத்துணை நுணுக்கமாக விரித்தவர், இந்தக் கடனை மட்டும் கணக்கில் வையாது விட்டது குறையே. 2017-இல் வெளிவந்த, அதே உலகத்தைச் சார்ந்த வேறொரு முத்தொகுதியின் இறுதி நூலில்தான் இதற்கு விடை கிடைக்கிறது. அங்கே பாரகன் பலகைகள் சிதறிக் கடலில் வீழ, கலத்தினின்றும் இரண்டு மாநாகங்கள் எழுந்து பறக்கின்றன. ‘அவன்’ என்று அதுகாறும் எழுதிவந்த மொழிபெயர்ப்பாளர், அவ்விடத்தில் ‘அவை’ என்று எழுதல் வேண்டும்.