போர் முடிந்து வீடு திரும்பியவர்: திரைக்கு வந்த கதையும் வராத கதையும்

மலாக்கா நகருக்கு இன்றும் ரயில் கிடையாது. மலாக்காவின் பாச்சாங்வாசிகள் ரயிலேற வேண்டுமென்றால் தம்பினை ஒட்டிய புலாவ் செபாங் நிலையத்துக்குத்தான் போகவேண்டும். வெள்ளைக்காரன் காலத்தில் அங்கிருந்து மலாக்காவுக்கு ஒரு கிளைப்பாதை இருந்தது. இரண்டாம் உலகப்போரில் ஜப்பானியர் அதன் தண்டவாளங்களைப் பெயர்த்து, தாங்கள் போட்ட சயாம்–பர்மா ரயில்பாதைக்குக் கொண்டுபோனார்கள். அதைப் போட மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆட்களும் போனார்கள். 70,000 பேருக்கு மேல், பெரும்பாலோர் தமிழர். உயிரோடு திரும்பியவர்கள் பெண்டாட்டி பிள்ளைகளோடு எப்படி வாழ்ந்தார்கள் என்பதைச் சினிமா இன்னும் சரியாகக் கேட்கவில்லை.

போர்ப்படம் வேறு, போரிலிருந்து திரும்பியவரின் வீட்டைக் காட்டும் படம் வேறு. இரண்டாவது வகைக்கு முன்மாதிரியாக நிற்பது 1946இல் வில்லியம் வைலர் இயக்கிய ‘தி பெஸ்ட் இயர்ஸ் ஆஃப் அவர் லைவ்ஸ்’. அதில் நடித்த ஹெரால்ட் ரஸல், ராணுவப் பயிற்சியில் நேர்ந்த வெடிவிபத்தில் இரண்டு கைகளையும் இழந்தவர். இரவில் தன் அறைக்குக் காதலியை அழைத்துப்போய், இரும்புக் கொக்கிகளைக் கழற்றிப் போட்டுவிட்டு, இனி ஒரு கதவைக்கூடத் தன்னால் திறக்க முடியாது என்று காட்டுகிறான் அவர் நடித்த இளைஞன். அவள் அழவில்லை. சட்டைப் பொத்தானைப் போட்டுவிடுகிறாள். குண்டு வெடிக்கும் நூறு காட்சிகள் சொல்லாததை அந்த ஒரு காட்சி சொல்லிவிடுகிறது.

சயாம் ரயில்பாதைக்கும் உலகப் புகழ்பெற்ற படம் உண்டு. 1957இல் டேவிட் லீன் எடுத்த ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ ஏழு ஆஸ்கார் விருதுகளை அள்ளியது. படம்பிடித்தது இலங்கையின் கித்துல்கலையில். 415 கிலோமீட்டர் நீளமுள்ள அந்தப் பாதையில் நேச நாட்டுக் கைதிகளைவிடப் பல மடங்கு அதிகமாகச் செத்தவர்கள் ஆசியத் தொழிலாளர்கள். ஆனால் படத்தின் கதை முழுக்கப் பிரிட்டிஷ் அதிகாரியின் மானத்தைச் சுற்றியே போகிறது. 2013இல் வந்த ‘தி ரயில்வே மேன்’ இன்னும் நெருக்கமானது. சிங்கப்பூரில் பிடிபட்டு, தாய்லாந்தின் காஞ்சனபுரியில் சித்திரவதைப்பட்ட எரிக் லோமாக்ஸின் உண்மைக் கதை அது. பல்லாண்டுகள் கழித்தும் அவரை விடாத இரவுகளை மனைவி பட்டி எப்படித் தாங்கினார் என்பதுதான் படத்தின் உயிர்.

தமிழுக்கு வந்தால் முதலில் நினைவுக்கு வருபவர் சேனாபதி. 1996இல் ஷங்கர் இயக்கிய ‘இந்தியன்’ படத்தில் அவர் நேதாஜியின் படையில் இருந்தவர்; கமல்ஹாசனுக்குத் தேசிய விருது வாங்கித் தந்த வேடம். லஞ்சம் கொடுக்க மறுத்ததால் மகளைப் பறிகொடுக்கிறார். லஞ்சம் வாங்கிய மகனைத் தானே கொல்கிறார். ஆனால் அந்தப் படம் முன்னாள் வீரரைத் தண்டனை தருபவராக்கிவிட்டது. போரே அவருக்குள் என்ன செய்தது என்று கேட்க அதற்கு நேரமில்லை. 2015இல் கான் விழாவில் தங்கப் பனை வென்ற ‘தீபன்’ அந்தக் கேள்வியைக் கேட்கிறது. எழுத்தாளர் ஷோபாசக்தி நடித்த ஈழத்து முன்னாள் போராளி, முன்பின் தெரியாத ஒரு பெண்ணையும் சிறுமியையும் குடும்பமென்று சொல்லிக்கொண்டு பிரான்சுக்குப் போகிறார். பொய்யாகத் தொடங்கிய குடும்பம் மெல்ல மெல்ல மெய்யாகிறது. இந்த வகையில் தமிழ் பேசிய படங்களில் இதையே முதலிடத்தில் வைக்கவேண்டும்.

மலேசியத் தமிழரிடம் இதற்கான கதை மலைபோல் கிடக்கிறது. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ ஆகிய நாவல்கள் அந்தப் பாதையையே களமாகக் கொண்டவை. நேதாஜி படையில் சேர்ந்தவர்களை ரெங்கசாமி ‘இமையத் தியாகம்’ நாவலில் எழுதினார். ரயிலுக்குப் பிடித்துப் போவார்களே என்ற பயத்தில் படையில் சேர்ந்தவர்களும் உண்டு. 2014இல் குறிஞ்சிவேந்தனும் ராஜசங்கரும் உருவாக்கிய ஆவணப்படம், தப்பிப் பிழைத்தவர்களையே பேசவைத்தது. அது காலத்தில் செய்த பெரிய காரியம்.

கதைப்படத்துக்கு ஒரே ஒரு செய்தி போதும். ஜப்பானியர் இலவசமாகப் படம் காட்டுவதாகச் சொல்லி ஆட்களைக் கொட்டகைக்கு வரவழைத்து, கதவைச் சாத்தி, ஆண்களை அப்படியே ரயிலேற்றியதும் அந்தக் காலத்தில் நடந்தது. படம் பார்க்கப் போனவன் திரும்பவில்லை. தோட்டத்து லயத்தில் மனைவி மரவள்ளிக்கிழங்கை அவித்துப் பிள்ளைகளுக்குக் கொடுத்தபடி காத்திருக்கிறாள். கடிதம் வராது. செத்தானா, இருக்கிறானா என்று சொல்ல ஆளில்லை. மூன்று வருடம் கழித்து எலும்பும் தோலுமாய் ஒருவன் வாசலில் வந்து நின்றால் அந்த வீட்டில் என்ன நடந்திருக்கும்? அவள் வேறு துணை தேடியிருந்தால்? பிள்ளை அப்பாவை அடையாளம் தெரியாமல் ஓடியிருந்தால்?

திறமைக்குப் பஞ்சமில்லை. தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பத்தின் சிதைவைச் சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ 2015இல் நேர்மையாகக் காட்டி, மலேசியாவின் சிறந்த படமென்ற தேசிய விருதையும் பெற்றது. அதே கண்ணோடு ஒரு தலைமுறை பின்னால் போனால் போதும்.

காஞ்சனபுரி போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 நேச நாட்டு வீரர்கள் வரிசையாக அடக்கமாகியிருக்கிறார்கள். அங்கே செத்த தோட்டத் தமிழருக்குப் பெயர் பொறித்த கல் இல்லை. அவர்களின் பெயர்கள் இப்போது இருப்பது பிள்ளைகளின் நினைவில் மட்டும். அந்தப் பிள்ளைகளுக்கே எண்பது வயது தாண்டிவிட்டது. மலாக்காவின் பாச்சாங்கிலோ ஜாசினிலோ அலோர் காஜாவிலோ அப்படி ஒரு பெரியவர் வீட்டில் இருந்தால், இந்த வாரமே கைப்பேசியை எதிரில் வைத்து அவரைப் பேசச் சொல்லுங்கள். தோட்டத்தின் பெயர், போனவரின் பெயர், திரும்பிய ஆண்டு ஆகியவற்றை முதலில் கேட்டுப் பதிவு செய்துவிடுங்கள்.