பதிதம் என்னும் சொல்

கிரேக்கத்தில் ‘தெரிவு’ எனப் பொருள்பட்ட ‘ஹைரெஸிஸ்’, திருச்சபையின் கையிற் குற்றப்பெயராயிற்று. தமிழ்க் கத்தோலிக்கர் அதனைப் ‘பதிதம்’ என்றனர். பதிதர் வீழ்ந்தவர், வடமொழித் தரும நூல்களிற் சாதியொழுக்கம் வழுவித் தள்ளப்பட்டவரின் பெயர் அது. தெரிந்துகொண்டவன் தமிழில் வீழ்ந்தவனானான். இதனை மொழிபெயர்ப்பின் தற்செயலென ஒதுக்க என்னால் இயலவில்லை.

வீரமாமுனிவரின் ‘வேத விளக்கம்’, ‘பேதகமறுத்தல்’ ஆகியன லூத்தரன் சபையாரை மறுத்தெழுந்தவை. அவ்வுரைநடையின் தெளிவைப் போற்றுவோர், அது கண்டனத்திற் கூர்மை பெற்றதென்பதையும் கூறவேண்டும்.

கீரி முதலான கரையூர்களைக் கொண்ட மன்னார்த் தீவில் இவ்வரலாறு குருதி தோய்ந்தது. 1544இல், புதிதாக ஞானஸ்நானம் பெற்ற நூற்றுக்கணக்கானோரை யாழ்ப்பாண மன்னன் சங்கிலி கொல்வித்தான். சமயவெறி என்ற விளக்கம் மட்டும் போதாது. மதம் மாறிய கரையோர மக்கள் போர்த்துக்கேயரின் காப்பை நாடக்கூடியவர். முத்துச் சலாபக் கடலோ அரசுகளின் கண்ணுறுத்தும் செல்வம். 1560இல் தீவு போர்த்துக்கேயர் வசமாயிற்று. 1658இல் ஒல்லாந்தர் கைப்பற்றியதும் கத்தோலிக்கம் தடைசெய்யப்பட்டது, குருமார் துரத்தப்பட்டனர். 1687இல் கோவாவிலிருந்து வந்த யோசே வாஸ் அடிகள் மாறுவேடத்தில் திரிந்தே பணியாற்றினார். ரோமாபுரி பதிதரென ஒதுக்கிய கல்வினியர், இங்கே தண்டிக்கும் அதிகாரிகளாயினர். கரையிலிருந்தோரின் செபம் மாறவில்லை. கோட்டைக் கொடியே மாறியது.

அதிகாரம் இழந்த சபைகளும் இச்சொல்லைக் கைவிட்டதில்லை. ‘மரியாளும் மானிட விடுதலையும்’ என்னும் நூலில் ஆதிபாவக் கோட்பாட்டை வினவிய திஸ்ஸ பாலசூரிய அடிகள் 1997இல் திருச்சபைக்குப் புறம்பாக்கப்பட்டார். மறு ஆண்டே தடை நீங்கியது. அவர் எழுப்பிய வினாவுக்கு மறுமொழி வந்ததாகத் தெரியவில்லை.