ஜாஸ் பாஸ் வித்வான்களின் பிற்கால இசைத்தட்டுகள்

ஜாஸ் சங்கீதத்தின் சரித்திரத்தை எழுதியவர்களில் பெரும்பாலோர் டிரம்பெட்டையும் ஸாக்ஸபோனையும் பியானோவையும் கையாண்ட வித்வான்களையே நாயகர்களாக வரித்துக்கொண்டு, அவர்களுக்குப் பின்னால் ஆளைவிட உயரமான டபுள் பாஸை அணைத்து நின்று, அதன் நான்கு தந்திகளையும் விரலால் சுண்டி, காலப்பிரமாணத்தையும் ஸ்வரக் கூட்டின் அடித்தளத்தையும் ஒருங்கே காத்துவந்தவர்களை ஓரிரு வரிகளில் கடந்துவிடுகிறார்கள். இந்தப் பாரபட்சத்தை நீக்க விரும்புவோர், அவ்வித்வான்கள் முதிர்ந்த பிராயத்தில் ஒலிப்பதிவுக் கூடத்தில் அமைத்த தட்டுகளையே முதலில் கேட்கவேண்டும் என்பது என் துணிபு. பிறரைத் தாங்குவதையே தர்மமாகக் கொண்ட ஒரு கலை, தேகபலம் குன்றி அலங்காரங்கள் உதிர்ந்த பிறகே தன் ஸ்வரூபத்தை முழுமையாகக் காட்டுகிறது.

அந்த வாத்தியத்தின் போக்கையே மாற்றிய இருவருக்குப் பிற்காலம் என்பதே வாய்க்காமற் போனது பெரிய துர்ப்பாக்கியம். 1939-ல் டியூக் எலிங்டன் கோஷ்டியில் சேர்ந்து, பாஸும் தனித்து நின்று பேசவல்லது என்று நிரூபித்த ஜிம்மி பிளாண்டன் 1942-ல், 23 வயதில், க்ஷயரோகத்துக்கு இரையானார். பில் எவான்ஸின் பியானோவோடு சரிசமானமாக உரையாடிய ஸ்காட் லஃபாரோ 1961-ல், 25 வயதில், மோட்டார் விபத்தில் மறைந்தார்.

சார்ல்ஸ் மிங்கஸுக்குக் கடைசிக் காலம் இருந்தது, கைதான் இல்லை. 1977-ல் தசைகளை முடக்கும் நரம்பு வியாதி அவரைப் பற்றிக்கொண்டமையால், மறு ஆண்டு ‘மீ, மைஸெல்ஃப் அன் ஐ’ பதிவானபோது சக்கர நாற்காலியில் அமர்ந்திருந்தாரேயன்றிப் பாஸைத் தொடக் கூடவில்லை. 1979 ஜனவரியில் அவர் காலமான பிறகே அது வெளிவந்தது. சிருஷ்டிகர்த்தாவின் கற்பனை அதில் தடையின்றி ஓடுகிறது என்பது மெய்யே. ஆயினும், மற்றவர்களை அதட்டியும் இழுத்தும் உசுப்பியும் ஓட்டிய அந்த விரலின் அழுத்தம் இல்லாமையால், பெரும் கோஷ்டியின் முழக்கத்திலும் ஒரு வெறுமை எனக்குத் தட்டுப்படுகிறது.

ஜெர்மானியரான எபர்ஹார்ட் வெபர் 2007-ல் பக்கவாதம் தாக்கி வாசிப்பு நின்றுபோன பிறகு, யான் கார்பாரெக்கின் கோஷ்டியோடு ஊர் ஊராகச் சென்று செய்த கச்சேரிகளின் பதிவுகளிலிருந்து தம் தனிவாசிப்புகளைப் பொறுக்கியெடுத்து, அவற்றின்மேல் கீபோர்டையும் கார்பாரெக்கின் ஸாக்ஸபோனையும் சேர்த்து, 2012-ல் ‘ரெஸ்யுமே’ என்ற தட்டை உருவாக்கினார். ஒவ்வோர் உருப்படிக்கும் அது பிறந்த ஊரின் பெயரையே இட்டார். வாசிக்க இயலாத ஒருவர் செவியை மட்டும் கொண்டு செய்த இந்தக் காரியத்தை நான் மிகவும் மதிக்கிறேன். கேரி பீகாக் 79 வயதில் பதிவுசெய்து 2015-ல் வெளியிட்ட ‘நவ் திஸ்’ தட்டில், லஃபாரோவின் ‘குளோரியாஸ் ஸ்டெப்’ இடம்பெற்றிருப்பதும் குறிப்பிடத்தக்கது. வாலிபத்தில் மாண்டவரின் சிருஷ்டி ஒரு முதியவரின் விரலில் நிதானம் பெற்றுவிட்டது.

எனினும் என் உள்ளத்தை முற்றிலும் கவர்ந்தவர் சார்லி ஹேடன். 1937-ல் அயோவா மாகாணத்து ஷெனண்டோவா என்ற சிற்றூரில், ரேடியோவில் நாட்டுப்பாடல்கள் பாடிவந்த குடும்பத்தில் பிறந்து, இரண்டு வயது நிரம்புமுன்பே தாமும் பாடத் தொடங்கியவர் அவர். பதினைந்தாம் வயதில் கண்ட போலியோ நோய் சாரீரத்தைக் கெடுத்துவிடவே, பாஸின் பக்கம் திரும்பினார். 1959-ல் ஸாக்ஸபோன் வித்வான் ஆர்னெட் கோல்மன், ஸ்வரக் கூட்டுகளின் முன்வகுத்த வரிசையையே துறந்து ஜாஸ் உலகைக் கலக்கியபோது, அவர் திரும்பிய திக்கெல்லாம் செவியொன்றையே துணையாகக் கொண்டு பின்தொடர்ந்து, அந்தச் சுதந்திரத்துக்கு ஒரு தரையை அமைத்துக் கொடுத்தவர் இவரே. பாடும் பாக்கியத்தை இழந்தவர் பாடகரின் மூச்சை மறக்கவில்லை என்பதற்கு அவர் வாசிப்பின் ஒவ்வொரு வாக்கியமும் சாட்சி.

அந்தச் சாட்சியம் மிகத் தெளிவாக விளங்குவது ‘ஜாஸ்மின்’ தட்டில். 1976-ல் கலைந்த, பியானோ வித்வான் கீத் ஜாரெட்டின் நால்வர் கோஷ்டியில் வாசித்த ஹேடன், முப்பது ஆண்டுகளுக்குப் பின், தம்மைப் பற்றிய டாக்குமெண்டரிப் படமொன்றின் நிமித்தம் ஜாரெட்டை மீண்டும் சந்தித்ததன் பயனாக, 2007 மார்ச்சில் நியூ ஜெர்ஸியில் ஜாரெட்டின் இல்லத்து ஒலிப்பதிவுக் கூடத்தில் இருவருமாக வாசித்த பழைய காதற்பாடல்களில் எட்டு, 2010-ல் வெளியாயின. டிரம்ஸ் இல்லாமையால் லயத்தின் பாரம் முழுவதும் பாஸின்மேல் விழுகிறது. அதைச் சுமப்பவரோ அவசரப்படுவதே இல்லை. ‘பாடி அண்ட் ஸோல்’ போன்று எண்ணற்றோர் கையாண்டு தேய்ந்த பாடலிலும், ஹேடன் தனிவாசிப்புக்கு வரும்போது மேல்ஸ்தாயிக்குத் தாவி வித்தை காட்டாமல், கீழ்ஸ்தாயியிலேயே தங்கி, ஒரு ஸ்வரம் முற்றாக ஓய்ந்த பின்னரே அடுத்ததைத் தொடுகிறார். அவர் விரும்பிய குடல்நரம்புத் தந்தியின் கனிந்த நாதமும், விரல் தந்தியை விட்டு நீங்கும் மெல்லிய ஓசையும், மேடையில் காற்றோடு போயிருக்கக்கூடிய நுட்பங்களாதலால், ஒலிப்பதிவுக் கூடத்துக்கு நாம் நன்றி செலுத்தவேண்டும்.

அதே அமர்வின் எஞ்சிய பாடல்கள் ‘லாஸ்ட் டான்ஸ்’ என்ற பெயரில் 2014 ஜூனில் வெளிவந்து, ஜூலை 11-ந் தேதி ஹேடன் காலமாகிவிட்டபடியால், பலரும் அவற்றை மரணத்தின் வாயிலில் நின்று சொன்ன பிரியாவிடையாகக் கேட்கிறார்கள். இதை நான் ஏற்கவில்லை. வாசித்தபோது அவருக்கு எழுபது வயதுகூட நிறையவில்லை; அதற்கு மூன்றாண்டுகளுக்குப் பின், 91 வயதான ஹாங்க் ஜோன்ஸின் பியானோவோடு கிறிஸ்தவப் பக்திப்பாடல்களை வாசித்து ‘கம் ஸண்டே’ என்ற தட்டையும் பதிவுசெய்தார். அதிலும் அதே நிதானமும் அதே சிக்கனமும் குடிகொண்டிருப்பதைக் கேட்பவர்கள், சாவின் நிழல் அவருடைய பாணியை உருவாக்கிற்று என்ற கொள்கையைக் கைவிடுவார்கள்.