பத்திராஜாவின் பேசாத படம்

தர்மசேன பத்திராஜாவின் படங்களில் போக நினைத்த இடத்துக்கு எவரும் போய்ச் சேர்வதில்லை. 1974இல் வந்த 'அஹஸ் கவ்வ' வேலையற்ற இளைஞர்களைக் கொழும்புத் தெருக்களில் அலையவிட்டது. 'பார திகே'யில் (1980) காதலியின் கருவைக் கலைக்கப் பணம் தேடுபவன் அதே நகரத்தைச் சுற்றிச் சுற்றி வருகிறான். 'சொல்தாது உன்னெஹே' (1981) சுதந்திர தினத்தையொட்டி ஒரு பழைய சிப்பாயையும் விலைமாதையும் திருடனையும் குடிகாரனையும் ஒன்றுசேர்க்கிறது. நாடு கொடியேற்றுகிறது, அவர்களுக்கு ஒதுங்க இடமில்லை.

விமர்சகர்கள் முதலிடம் கொடுப்பது கற்பிட்டிக் கடற்கரைப் படமான 'பம்பரு அவித்'துக்கு (1978). அதன் தரத்தை மறுப்பதற்கில்லை. மீனவர்களுக்கு அரசியல் போதிக்க வந்த நகரத்து இளைஞனின் பேச்சு எடுபடாமல் போவதை, தானும் இடதுசாரியான ஒருவரே படமாக்கியது சிறிய துணிச்சல் அல்ல. ஆனால் அதில் விஜய குமாரதுங்கவும் மாலினி பொன்சேகாவும் இருக்கிறார்கள். கண் அவர்களை விட்டு அகல மறுக்கிறது.

அப்படிப் பிடித்துக்கொள்ள எதுவும் இல்லாத படம் 'பொன்மணி' (1977). யாழ்ப்பாண வளாகத்தில் பத்திராஜா விரிவுரையாளராக இருந்த காலத்தின் விளைச்சல் அது. திரைக்கதை காவலூர் இராஜதுரை, இசை எம். கே. றொக்சாமி. சீதனம் இல்லாமல் வீட்டோடு இருக்கும் அக்கா, சாதி தாண்டிக் காதலிக்கும் தங்கை, கடைசியில் ஒரு கொலை. அந்த நாளைய தமிழ்ப் படம் எதுவும் இந்தக் கதைக்குப் பக்கம் பக்கமாக வசனம் எழுதியிருக்கும். இங்கே யாருடைய வாழ்க்கையைப் பற்றி வீடு முடிவெடுக்கிறதோ, அவளே மிகக் குறைவாகப் பேசுகிறாள். கமெராவும் அவளுக்காக வாதாடுவதில்லை. விலகி நின்று, அவள் நடப்பதையும் காத்திருப்பதையும் பார்த்துக்கொண்டிருக்கிறது. யாழ்ப்பாணத்து நடுத்தர வீட்டின் அடக்குமுறை சத்தம் போடாது என்பதை ஒரு சிங்கள நெறியாளர் காதால் பிடித்துவிட்டார். பரிசோதனை என்ற சொல்லுக்கு அவருடைய படங்களில் மிகப் பொருத்தமானது இதுதான்.

படம் ஓடவில்லை. கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும் சென்னைப் படங்களுக்கு முண்டியடித்த கூட்டத்துக்கு இந்த மௌனம் பழக்கமில்லை. 'குத்துவிளக்கு', 'வாடைக்காற்று' ஆகிய ஈழத்துப் படங்களை விரும்புவோர் இன்றும் 'பொன்மணி' ஊர்கிறது என்பார்கள். ஊர்கிறதுதான், கலியாணம் பேசி வருவோருக்காகக் காத்திருக்கும் வீட்டில் நேரம் வேறெப்படிப் போகும்? முதல் சட்டகத்திலேயே வயலினை அழவிட்டு, ட்ரோனை வானத்துக்கு ஏற்றிவிடும் இன்றைய குறும்படங்கள் பலவற்றுக்கு அந்தப் பொறுமை கைவரவில்லை.

பத்திராஜா 2018 ஜனவரியில் காலமானார். இலங்கையின் பழைய தமிழ்ப் படங்களைத் தேடிப் பிடிப்பது லேசான காரியம் அல்ல. ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ 1983 யூலையில் எரிக்கப்பட்டபோது நெகட்டிவ்கள் பலவும் சாம்பலாயின. 'பொன்மணி' தேய்ந்த பிரதியாகக் கிடைத்தாலும் விடக்கூடாது. பார்க்கும்போது சத்தத்தைக் கூட்ட வேண்டாம்.